பெறாமகன்

தபிதாவுக்கு நடிப்பென்றாலே ஆகாது. டென்மார்க்கில், பிராண்டே என்ற ஊரில் அவள் போகிற பெந்தெகொஸ்தே சபையில் படம் பார்க்கிறதையே பாவம் என்பார்கள். அப்படியிருக்க, கூடப்பிறந்த தம்பியின்ரை பிள்ளை படத்தில் நடிக்கிறான் என்றால் மனுசிக்கு எப்படியிருந்திருக்கும், நீங்களே யோசித்துப் பாருங்கோ.

தம்பி ஜோன் லண்டனில் பெற்றோல் ஸ்ரேசனில் வேலை. அவன்ரை மூத்தவன் ஜெனோஷன் பள்ளிக்கூடத்தில் போட்ட, இயேசு பிறக்கிற நத்தார் நாடகத்தில் ஆட்டிடையனாக வந்து, தொட்டிலைக் கண்டதும் பொலபொலவென்று கண்ணீர் விட்டானாம். அதைப் பார்த்த ரீச்சர் ஒருத்தி, இவனைச் சும்மா விடாதேயுங்கோ என்று சொன்னா. பிறகென்ன, சனிக்கிழமைகளில் நடிப்பு வகுப்பு, ஒரு ஏஜென்ற், ஒரு சவர்க்காரத்தூள் விளம்பரம். அதில் சேறு அப்பின சேட்டோடு சிரித்துக்கொண்டு ஓடிவருவான். அடுத்தது ஆஸ்பத்திரித் தொடர் ஒன்றில் சைக்கிளால் விழுந்து கையை முறித்த பெடியன். ஒரே ஒரு வசனம். அந்த ஒன்றைப் பதிந்து வைத்துக்கொண்டு, வீட்டுக்கு வாற போறவையை எல்லாம் பிடித்து இருத்திப் போட்டுக் காட்டுவான் ஜோன்.

"பிள்ளையைக் கூத்தாடியாக்கப் போறியே, ஜோன்?" என்று ஃபோனில் கேட்டாள் தபிதா.

"அக்கா, இஞ்சை இது தொழில். பள்ளிக்கூடமே லீவு குடுத்து விடுது."

"என்ன தொழிலோ. இல்லாததை இருக்கெண்டு காட்டுறது."

இப்படிச் சொன்னவள்தான், இரண்டாயிரத்து ஒன்பதாம் ஆண்டு ஏப்ரலில் அந்தப் பெடியனைக் காரில் ஏற்றிக்கொண்டு தினம் தினம் ஷூட்டிங்குக்குப் போனாள். ஆங்கிலப் படம் ஒன்றை டென்மார்க்கில், ஸ்கீவ என்ற ஊர்ப் பக்கம், கடலோரத்துப் பண்ணை வீடொன்றில் எடுத்தார்கள். கமக்காரன் வீட்டில் வளர வருகிற அநாதைப் பிள்ளை வேசம் ஜெனோஷனுக்கு. சின்ன வேசம்தான், முகம் நிறைய வரும், பேச்சுக் குறைவு. சொந்தக்காரர் ஒருவர் கூடவே நிற்கவேண்டும் என்பது சட்டம். ஜோன்ரை மனுசிக்கு அப்போதுதான் குழந்தை பிறந்திருந்தது. டென்மார்க்கில் வேறு ஆர் இருக்கினம்? முதியோர் இல்லத்து வேலையில் லீவு எடுத்துக்கொண்டு தபிதா மாமி போனாள். ஒன்பது வயதுப் பிள்ளையைத் தனியே விட ஏலுமா?

அவள் போனதுக்கு இன்னொரு காரணமும் இருந்தது. வீட்டில் சும்மா இருந்தால் விசர் பிடித்துவிடும் போலிருந்தது. வன்னியில் சண்டை கடைசிக் கட்டத்துக்கு வந்திருந்தது. அதுக்குள்ளேதான் இருந்தாள் தபிதாவுக்கும் ஜோனுக்கும் கடைசித் தங்கச்சி அருள்மலர். புருசன் போன வருசம் ஷெல்லில் செத்துப்போனான். ஒன்பது வயது ஜொனத்தனும் கைக்குழந்தை ஒன்றும் அவளோடு. ஜனவரியில் புதுக்குடியிருப்பிலிருந்து ஒருதரம் ஃபோன் எடுத்தாள். "அக்கா, செபியுங்கோ" என்றாள். லைன் அறுந்தது. அதுக்குப் பிறகு பேச்சுமூச்சில்லை.

தபிதாவுக்கும் அவள் புருசன் குருசுமுத்துவுக்கும் பிள்ளையில்லை. ஜொனத்தன் என்ற பேரை வைத்ததே தபிதாதான். அவன்ரை அளவை ஃபோனில் கேட்டுக் கேட்டு நத்தாருக்கு நத்தார் உடுப்பு அனுப்பினவள். தங்கச்சி பிள்ளையைப் பெறாமகன் என்று சும்மாவா சொல்லுகிறோம்? ஜெனோஷனும் ஜொனத்தனும் ஒரே வருசத்துப் பிள்ளைகள், ஒரே அச்சு. இரண்டு பேருக்கும் தபிதாவின்ரை அப்பாவின்ரை காது, வெளியாலே தள்ளிக்கொண்டு நிற்கிற காது. முன்னாலே இருந்து சாப்பிடுகிற மருமகனைப் பார்க்கிறபோதெல்லாம் மற்றவன் சாப்பிட்டானோ என்று நினைப்பாள்.

ஷூட்டிங் நடக்கிற இடத்தில் ஒரு மடக்குக் கதிரையைப் போட்டுக்கொண்டு ஒதுக்குப்புறமாக இருப்பாள். கையில் ஃபோன். ஜனவரியில் அருள் எடுத்த, இப்போது செத்துப்போன நம்பருக்கே எடுத்துக்கொண்டிருப்பாள். ஒருநாள் ஜெனோஷன் அழுகிற காட்சி. "அக்ஷன்" என்றதும் அந்தப் பிள்ளை அழுத அழுகை இருக்கே! ஃபோனைக் கீழே போட்டுவிட்டு எழும்பி ஓடப் பார்த்தாள் தபிதா. ஷூட்டிங்கில் உதவிக்கு நின்ற பெட்டைதான் பிடித்து இருத்தினாள். "கட்" என்றதும் கண்ணைத் துடைத்துவிட்டுப் பிஸ்கட் கேட்டான் பெடியன்.

திரும்பி வரும்போது காரில் கேட்டாள்: "அழேக்கை என்னத்தை நினைச்சனி, ராசா?"

அவனுக்குத் தமிழ் விளங்கும். பதில் எப்போதும் ஆங்கிலத்தில்தான் வரும், இங்கே அதைத் தமிழில் சொல்லுகிறேன். "ஒண்டையும் நினைக்கிறேல்லை மாமி. கண்ணை வெட்டாமல் வைச்சிருந்து, மூச்சைத் துண்டு துண்டா விட்டால் தானா வரும்."



மே மாதத் தொடக்கத்தில் ஷூட்டிங்குக்கு ஒருநாள் ஓய்வு வந்தது. அன்றைக்குக் கொப்பன்ஹேகனில், பாராளுமன்றத்துக்கு முன்னாலே ஆர்ப்பாட்டம். பிராண்டே இருக்கிற யூலண்டுப் பக்கத்திலிருந்து பஸ் பிடித்துப் போனார்கள். குருசுமுத்துவுக்கு மின்சாரக் காற்றாடித் தொழிற்சாலையில் வேலைநாள். பெடியனை ஆரிடம் விடுகிறது? தபிதா கையோடு கூட்டிக்கொண்டு போனாள்.

சனம் எத்தனை கிழமையாக அந்தச் சதுக்கத்தில் நின்றது! பனியிலும் நின்றது, மழையிலும் நின்றது. "கொல்லுறாங்கள், நிப்பாட்டுங்கோ" என்று தொண்டை கிழியக் கத்தியது. டெனிஷ் ஆட்கள் சைக்கிளை மெதுவாக்கிப் பார்ப்பார்கள், பிறகு மிதிப்பார்கள். ஒரு ரிவிச் செய்திக்காரரும் எட்டிப் பார்க்கவில்லை. அங்கே கஞ்சிக்கு வரிசையில் நின்ற பிள்ளைகள் செத்துக்கொண்டிருந்தன. இங்கே ஒருத்தருக்கும் காது கேட்கவில்லை. அந்த வயிற்றெரிச்சலை இப்போது நினைத்தாலும் எரியும்.

ஒழுங்கு செய்கிறவர்களில் ஒருவன் பாலேந்திரா. நல்ல மனுசன், தூக்கம் முழித்து முழித்துக் கண் இரண்டும் உள்ளே போய்விட்டது. அன்றைக்கு ஒரு தெருநாடகம் போட்டார்கள். பதுங்குகுழி, ஷெல், காயப்பட்ட பிள்ளைகள். இங்கே பிறந்த பிள்ளைகளுக்குத் துணியைச் சுற்றிச் சிவப்பு மை பூசிக் கிடத்தினால், அதுகள் ஒன்றையொன்று பார்த்துச் சிரிக்குதுகள். ஜெனோஷனுக்குப் பொறுக்கவில்லை.

"மாமி, நான் செய்யட்டா? இது என்ரை வேலைதானே."

தபிதா யோசித்தாள். நாடகம் நாடகமென்று எல்லாருக்கும் தெரியும், அதில் என்ன பொய் என்று தன்னைத்தானே சமாதானப்படுத்திக்கொண்டு விட்டாள். தலையில் கட்டுப்போடப் போனார்கள். படத்துக்கு வெட்டின முடி குழம்பக்கூடாது என்று பெடியன் மறித்துவிட்டான். காலில் போட்டார்கள். ஷெல் சத்தம் என்று மேளத்தில் அடித்ததும் அவன் அழத் தொடங்கினான். சதுக்கம் அப்படியே உறைந்துபோய் நின்றது. ஆம்பிளைகள் முகத்தைப் பொத்தினார்கள். சைக்கிள்காரர் இறங்கி நின்றார்கள்.

அந்த நேரம் பார்த்து ஒரு ரிவிக்காரி கமராவோடு வந்து நின்றாள். வேறெதற்கோ பாராளுமன்றத்துக்கு வந்தவள். நாடகம் முடிந்தும் விம்மிக்கொண்டிருந்த பெடியனைக் காட்டிப் பாலேந்திராவிடம் கேட்டாள்: "இந்தப் பிள்ளை அங்கிருந்து வந்தவனா?"

அப்படியென்றால் செய்தியில் போடலாம், வெறும் நாடகமென்றால் வேண்டாம் என்றாள். பாலேந்திரா தபிதாவை ஒதுக்குப்புறமாக இழுத்துக்கொண்டு போனான்.

"அக்கா, இண்டைக்கு இரவுச் செய்தியிலை போடுவாளாம். அங்கையிருந்து வந்த பிள்ளையெண்டால் மட்டும் போடுவாளாம். நாடகமெண்டால் வேண்டாமாம். நீங்கள் ஒரு சொல்லுச் சொன்னால் காணும். உங்கடை தங்கச்சியின்ரை மகன் அங்கைதானே இருக்கிறான்?"

"அது ஜொனத்தன். இவன் ஜோன்ரை பெடியன்."

"எனக்குத் தெரியாதே அக்கா? டெனிஷ்காரிக்கு அது தெரியவேணுமே? அந்தப் பிள்ளையள் படுற பாடு பொய்யே? முகம் மட்டும்தானே வேறை."

பொய்ச்சாட்சி. அந்தச் சொல்தான் தபிதாவின் மண்டைக்குள்ளே அடித்தது. ஞாயிற்றுக்கிழமைக்கு ஞாயிற்றுக்கிழமை கேட்டு வளர்ந்தவள். ஆனால் அதைவிடப் பலமாக இன்னொன்றும் அடித்தது: இதைப் பார்த்து ஒரு மந்திரி, ஒரே ஒரு மந்திரி, எங்கேயோ ஒரு ஃபோன் எடுத்து, ஒருநாள் ஷெல்லடி நின்றால்? அந்த ஒருநாளில் அருள் பிள்ளைகளை இழுத்துக்கொண்டு வெளியே வந்துவிட்டால்? மற்றவர்களை விடுங்கோ, உங்களுடைய கூடப்பிறப்பு அங்கே கிடந்தால் நீங்கள் என்ன செய்திருப்பீர்கள்?

அவள் குந்தியிருந்து ஜெனோஷனின் முகத்தைப் பிடித்தாள்.

"ராசா, அந்த அன்ரி கேட்டால் இங்கிலிசிலை ஒரு சொல்லும் கதைக்கக் கூடாது. அழு, காணும். என்னை மாமி எண்டு கூப்பிடாதை. பெரியம்மா எண்டு கூப்பிடு."

லண்டன் ஆங்கிலம் வாயில் வந்தால் குட்டு வெளிப்பட்டுவிடும். அது டெனிஷ்காரிக்காக. மாமி என்றால் தமிழாட்கள் கண்டுபிடித்துவிடுவார்கள். தங்கச்சியின் பிள்ளைக்கு இவள் எப்படி மாமி ஆகிறது? எவ்வளவு கவனம் பாருங்கோ. பொய் சொல்லத் தெரியாதவள்தான், ஆனால் சொல்லத் துணிந்ததும் முறையைக்கூடப் பிசகாமல் பார்த்துக்கொண்டாள்.

"ஒரு வசனம்தானே," என்றான் பெடியன்.

கமராவுக்கு முன்னால் தபிதா டெனிஷில் சொன்னாள்: "இவன் என் தங்கச்சியின் மகன். பெயர் ஜொனத்தன். தாய் இன்னும் அங்கேதான். உயிரோடு இருக்கிறாளோ தெரியாது." கடைசி இரண்டும் சத்தியமான உண்மை. அதைச் சொல்லும்போது அவளுடைய குரல் நடுங்கினதும் நடிப்பில்லை. ஜெனோஷன் அவளை நிமிர்ந்து பார்த்து, "பெரியம்மா" என்று கூப்பிட்டு அவளுடைய வயிற்றில் முகத்தைப் புதைத்தான். ரிவிக்காரிக்கே கண் கலங்கிவிட்டது.

அன்றிரவு போட்டார்கள். இரண்டு நிமிசம்கூட வராது. ஆரோ அதை வெட்டி இன்ரநெற்றில் போட, விடியமுதல் கனடா, சுவிஸ், நோர்வே என்று எங்கும் போய்விட்டது. பிராண்டேத் தமிழாட்களுக்குப் பெடியன் ஆரென்று தெரியாதோ? தெரியும். ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. சபையில் இரண்டு பேர் வந்து தபிதாவின் கையைப் பிடித்துவிட்டுப் போனார்கள். குருசுமுத்து மட்டும் சாப்பாட்டுக் கோப்பையைத் தள்ளி வைத்தான்.

"நீயா, தபிதா? நடிப்பே பாவமெண்ட நீயா?"

"ஒரு உசிர் தப்பினாலும் எனக்குக் காணும்."

"எந்தப் பொய்யாலை எந்த உசிர் தப்பினது?"

ஜோனும் லண்டனிலிருந்து எடுத்துக் கத்தினான், ஏஜென்ற் கண்டால் பெடியன்ரை வேலை போய்விடும் என்று. கத்திக் கத்திக் கடைசியில் "அருளைப் பற்றி ஏதும் தெரியுமே அக்கா?" என்று அவனும் அழுதுவிட்டான்.

இரண்டு நாள் கழித்து ஒஸ்லோவிலிருந்து சின்னம்மாவின்ரை மகள் கோகிலா எடுத்தாள். ஜெனோஷனை ஒருநாளும் கண்டறியாதவள். ஜொனத்தனைச் சின்னனில் வன்னிக்குப் போய்த் தூக்கினவள்.

"அக்கா! ஜொனத்தன் வந்திட்டானே! ஒரு சொல்லுச் சொல்லேல்லையே நீங்கள்! அந்தக் காதைக் கண்டதும் நான் கத்திப்போட்டன்."

இதுதான் நேரம். ஒரு வாய் திறந்து, இல்லையடி, அது ஜோன்ரை பெடியன் என்று சொல்லியிருந்தால் முடிந்திருக்கும். ஆனால் பாலேந்திரா அன்று காலையில்தான் கெஞ்சியிருந்தான்: "அக்கா, ஆருக்கும் சொல்லிப்போடாதேங்கோ. வெளியிலை வந்தால் இனி எங்கடை உண்மையையும் ஒருத்தரும் நம்பமாட்டினம்." அதுவும் நியாயம்தானே.

"பிறகு கதைக்கிறன் கோகிலா. பெடியன் நித்திரை," என்று வைத்துவிட்டாள்.

அதுக்குப் பிறகு அவள் கோகிலாவின் நம்பர் வந்தாலே எடுப்பதில்லை. ஒரு மந்திரியும் ஒரு ஃபோனும் எடுக்கவில்லை. மே நடுப்பகுதியில் எல்லாம் முடிந்தது. சண்டை ஓய்ந்தது என்று செய்தியில் சொன்னார்கள். செத்தவர்கள் எத்தனை என்று சொல்ல ஆளில்லை. தபிதா உபவாசம் இருந்தாள். முழங்காலில் நின்று அழ முயன்றாள், கண்ணீர் வரவில்லை. பகலில் வழமைபோல் பெடியனைக் கொண்டுபோய் ஷூட்டிங்கில் விட்டாள், கதிரையைப் போட்டு இருந்தாள், செத்த நம்பருக்கு எடுத்தாள். பெடியன் அழ வேண்டிய காட்சிகள் முடிந்து சிரிக்க வேண்டிய காட்சிகள் வந்திருந்தன.

ஜூன் மாதம், ஒரு சனிக்கிழமை காலை. ஜெனோஷன் குசினி மேசையில் இருந்து கோர்ன்ஃபிளேக்ஸ் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். தெரியாத நம்பர் ஒன்று அடித்தது.

"அக்கா."

தபிதா அப்படியே நிலத்தில் இருந்துவிட்டாள். "அருள்? என்ரை கடவுளே, அருள்! நீதானே? இருக்கிறியே?"

"இருக்கிறன் அக்கா. அகதிக் காம்பிலை இருக்கிறன். சின்னனும் இருக்கிறாள். கள்ளமா ஒரு ஃபோன் வாங்கிக் கதைக்கிறன், கனநேரம் ஏலாது." குரல் தேய்ந்து போயிருந்தது. ஆனால் அந்தக் குரலில் ஒரு சந்தோசம் இருந்தது. அந்தச் சந்தோசத்தைக் கேட்டதும்தான் ஏதோ பிழை என்று தபிதாவுக்குப் பட்டது.

"அக்கா, என்ரை பிள்ளையைக் காப்பாத்திப் போட்டியள். நான் எத்தினை பிறவிக்கு உங்களுக்கு..." அருள்மலர் அழுதாள். "மார்ச்சிலை அவனுக்குக் காலிலை காயம். காயக்காரரை ஏத்த வெள்ளைக்காரற்றை கப்பல் வந்தது. கைக்குழந்தையோடை என்னை ஏத்தேல்லை. பக்கத்துப் பங்கர் மேரிகிறேஸ் அக்காவிட்டைக் குடுத்துவிட்டன். அதோடை ஒரு தகவலும் இல்லை. செத்திட்டானெண்டுதான் நினைச்சன். காம்புக்கு வந்தாப்பிறகு வவுனியாவிலையிருந்து கோகிலாவின்ரை அண்ணை கம்பி வேலிக்கு வந்து சொன்னார். ஜொனத்தன் டென்மார்க்கிலை பெரியம்மாவோடை நிக்கிறான், ரிவியிலை வந்தவன், காலிலை கட்டுக்கூட இருந்தது எண்டு. நான் நம்பேல்லை அக்கா. பெரியம்மா எண்டு கூப்பிட்டவன், நாங்கள் காதாலை கேட்டது எண்டார். பிறகுதான் நம்பினன். வெள்ளைக்காரற்றை கப்பல்தானே, உங்களிட்டை அனுப்பிப் போட்டாங்கள் எண்டு விளங்கிச்சுது."

தபிதா மேசையில் இருந்த பெடியனைத் திரும்பிப் பார்த்தாள்.

"இஞ்சை ஒரு பாதர் வந்தவர் அக்கா. பிள்ளையளைத் துலைச்ச தாய்மார் எல்லாரிட்டையும் பேர் கேட்டவர். ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாப் போய்த் தேடுறாராம். கொஞ்சப் பேருக்குப் பிள்ளையள் கிடைச்சும் இருக்கு. என்னட்டையும் கேட்டார். நான் சொல்லிப்போட்டன், பாதர், என்ரை பிள்ளையைத் தேடத் தேவையில்லை, அவன் டென்மார்க்கிலை எண்டு. எல்லாற்றை முன்னாலையும் சொன்னன். எனக்கு எவ்வளவு பெருமையா இருந்தது தெரியுமே?" அவள் மூக்கை உறிஞ்சினாள். "ஃபோன்காரன் நிக்கிறான் அக்கா. கெதியா அவனிட்டைக் குடுங்கோ. ஒருக்கால் அம்மா எண்டு கேட்டுப்போட்டு வைக்கிறன்."

ஜொனத்தன் என்ற பேர் ஃபோனுக்கு வெளியிலும் கேட்டது. ஜெனோஷன் கரண்டியை வைத்தான். கையால் வாயைத் துடைத்துக்கொண்டு எழும்பி வந்து, கமராவுக்கு முன்னால் நிற்கிற மாதிரி நேராக நின்றான். அவனுக்கு ஏதோ விளங்கியிருந்தது. முகம் வெளிறிப்போயிருந்தது.

"மாமி," என்று மெதுவாகக் கேட்டான், "நான் என்ன சொல்லவேணும்?"

தபிதா ஒரு கணம் யோசித்தாள். மறைப்பானேன், யோசித்தாள்தான். ஒரே ஒரு சொல். இவன் பிசகாமல் சொல்லுவான். அங்கே ஒரு தாய் அதை வைத்துக்கொண்டு எத்தனையோ நாள் உயிரோடு இருப்பாள். ஆனால் எங்கேயோ ஒரு ஆஸ்பத்திரிக் கட்டிலில் வெளியாலே தள்ளின காதோடு ஒரு பிள்ளை கிடந்தால்? தன்னை ஒருத்தரும் தேடி வரவில்லையே என்று அது வாசலைப் பார்த்துக்கொண்டு கிடந்தால்?

"நீ ஒண்டும் சொல்லாதை, ராசா," என்று அவனைப் பிடித்துப் பக்கத்தில் இருத்தினாள். பிறகு ஃபோனை இரண்டு கையாலும் பிடித்தாள்.

"அருள், அந்தப் பாதர் இன்னும் நிக்கிறாரே?"

"இல்லை அக்கா, போட்டார். போன கிழமையே போட்டார். ஏன்?"

"ஆரையாவது பிடி. ஓடு. ஜொனத்தன்ரை பேரைக் குடு. அவன் என்னட்டை இல்லை, அருள். ஒருநாளும் வரேல்லை. நீங்கள் கேள்விப்பட்டது ஜோன்ரை பெடியனை."

அந்தப் பக்கம் எங்கேயோ ஒரு குழந்தை சிணுங்குகிற சத்தம் மட்டும் கேட்டது. ஃபோன்காரன் ஏதோ சொன்னான்.

"அப்ப," என்றாள் அருள்மலர், "பெரியம்மா எண்டு கூப்பிட்டது?"

"நான்தான் சொல்லிக் குடுத்தனான்," என்றாள் தபிதா.